உலை கொதிக்கும்போது கொடுத்த சாவி

அரிசி களைந்த மூன்றாவது தண்ணீரைக் கொட்டும்போது ஜன்னல் பக்கம் பார்த்துவிட்டேன். இனிமேல் பார்க்கக் கூடாது. போனை அங்கே திட்டில் கவிழ்த்து வைத்திருக்கிறேன், கவிழ்த்து வைத்தால் அடிக்காமலா போய்விடும், அடிக்கும், ஆனால் அதன் முகம் என்னைப் பார்க்காது, அதற்காகத்தான். முப்பத்தேழாவது வழக்கு என்று காலையில் வக்கீல் பொண்ணு அமுதவாணி சொன்னாள். மதுரை கோர்ட்டில் இன்றைக்கு முப்பத்தேழாவதாக என்னைக் கூப்பிடுவார்கள். உச்சிமாகாளி என்று பெயரைச் சொல்லிக் கூப்பிடுவார்களா, மாணவியர் விடுதிச் சமையலர் என்று கூப்பிடுவார்களா, நான் அங்கே இல்லையென்றால் என் பெயர் யார் காதில் விழும். நீங்க வர வேண்டாம்மா, வந்தாலும் உங்களைப் பேசச் சொல்ல மாட்டாங்க, வேலையில இருங்க, வேலையில இருக்கிறதுதான் நமக்குப் பலம் என்றாள். எனக்கு அது நல்லதாய்ப் போயிற்று. நாலு பேர் நடுவில் எழுந்து நின்று பேசச் சொன்னால் எனக்குத் தொண்டை அடைத்துவிடும், ஐந்தாம் வகுப்பில் வாத்தியார் பாட்டுச் சொல்லச் சொன்னபோது அடைத்தது, இன்னும் திறக்கவில்லை. இன்றைக்குச் சாப்பாட்டுக்கு அறுபத்தொரு பேர். மூன்று பெண்கள் ஊருக்குப் போயிருக்கிறார்கள். தலைக்கு இருநூறு கிராம், பன்னிரண்டு கிலோ இருநூறு. எடை போட்டாயிற்று, இன்னொரு தடவை போட வேண்டாம், ஏற்கெனவே இரண்டு தடவை போட்டுவிட்டேன். என் மாறுதல் உத்தரவுக்குக் கோர்ட் போட்ட தடையை நீட்டினால் நான் இங்கேயே இருப்பேன், ஓய்வு பெற மீதியிருக்கும் இரண்டு வருஷத்தையும் இந்த அடுப்படியிலேயே கழித்துவிடுவேன். தடையை நீக்கினால் திசையன்விளை. இங்கிருந்து திருநெல்வேலிக்கு ஒரு பஸ், அங்கிருந்து இன்னொரு பஸ், போய்வரலாம் என்று யாரும் சொல்ல முடியாத தூரம். போனால் அங்கேயே இருக்க வேண்டும். இருந்தால் வீட்டில் அவர் தனியாக என்ன செய்வார். அவரை இப்போது நினைக்க வேண்டாம். தண்ணீர் இன்னும் கொதிக்கவில்லை. அண்டாவின் அடியில் சின்னச் சின்னக் குமிழ் ஒட்டிக்கொண்டு மேலே வரலாமா வேண்டாமா என்று இருக்கிறது.

பலகையில் முட்டைக்கோஸ் நறுக்கும் சத்தம் நிற்காமல் வருகிறது. மரியபுஷ்பம். என் இடத்துக்கு மாற்றலாகி வந்தவள். முதுகைக் காட்டிக்கொண்டுதான் உட்கார்ந்திருக்கிறாள், ஆனாலும் நான் ஜன்னலைப் பார்த்தது அவளுக்குத் தெரிந்திருக்கும், எனக்கும் அவள் எப்போது ஜன்னலைப் பார்க்கிறாள் என்று தெரிகிறது, கத்தி ஒரு வெட்டு தாமதிக்கும். அவள் உத்தரவோடு வந்து நின்றது காலையில். எனக்குக் கோர்ட்டில் தடை கிடைத்தது அன்றைக்குச் சாயங்காலம். என்னைப் போ என்று சொல்ல முடியாது, தடை இருக்கிறது. அவளைத் திரும்பிப் போ என்றும் சொல்ல முடியாது, திசையன்விளையில் அவளை விடுவித்துவிட்டார்கள், அங்கே அவள் இடம் என் பெயரைப் போட்டுக்கொண்டு காலியாகக் கிடக்கிறது. ஆக ஒரு பணியிடம், இரண்டு சமையலர். இரண்டு பேரும் கையெழுத்துப் போடுகிறோம், இரண்டு பேருக்கும் சம்பளம் நிற்கிறது. முதல் வாரம் சாம்பாருக்கு நானும் உப்புப் போட்டேன், அவளும் போட்டாள், பெண்கள் எல்லாம் தட்டைத் தள்ளிவிட்டுத் தண்ணீர் குடித்துக்கொண்டு போனார்கள். மறுநாள் அவள் போட்டிருப்பாள் என்று நான் போடவில்லை, நான் போட்டிருப்பேன் என்று அவள் போடவில்லை. விடுதிக் காப்பாளினி கோமதி மேடம் ஒரு வாய் வைத்துப் பார்த்துவிட்டு, "நேத்து உப்புக்கு ரெண்டு பேரும் டூட்டி பாத்திருக்கீங்க, இன்னைக்கு ரெண்டு பேரும் லீவா?" என்று கேட்டார். மானம் போயிற்று. பதினொரு வருஷத்தில் என் சாப்பாட்டைப் பற்றி ஒருவர் கேலி பேசியது அன்றைக்குத்தான். அப்புறம் பிரித்துக்கொண்டோம். சோறு என்னுடையது, குழம்பும் பொரியலும் அவளுடையது. ஆனாலும் அவள் விடமாட்டாள். தினமும் உப்புப் போடும்போது கரண்டியைத் தூக்கிக் காட்டி, "அக்கா, உப்பு போடுதேன். ஆட்சேபணை இருந்தா இப்பவே சொல்லிருங்க, பொறவு மதுரைக்கு ஓடாதீங்க" என்பாள். எனக்குச் சிரிப்பு வரும், அடக்கிக்கொள்வேன். என் இடத்தைப் பிடிக்க வந்தவளோடு சிரித்துவிட்டால் அதுவே ஒப்புக்கொண்டது போல ஆகிவிடுமோ என்று ஒரு பயம். எது ஒப்புக்கொண்டதாக ஆகும், எது ஆகாது என்று எனக்கு இப்போதெல்லாம் ஒன்றுமே தெரிவதில்லை.

அந்தச் சாவிதான். எங்கே சுற்றினாலும் அங்கேதான் வந்து நிற்கிறது. அமுதவாணி முதலில் கேட்டதே அதைத்தான். "அம்மா, கேஸ்ல ஒரே கேள்விதான். தடை வர்றதுக்கு முன்னாடியே நீங்க ரிலீவ் ஆயிட்டீங்களா, இல்லையா? ஆயிட்டீங்கன்னு அவங்க சொல்றாங்க. அன்னைக்குக் காலையிலயே ஸ்டோர் ரூம் சாவியைக் கொடுத்துப் பொறுப்பை ஒப்படைச்சிட்டீங்கன்னு எழுதியிருக்காங்க. சாவியைக் கொடுத்தீங்களா?" நான் சொன்னேன், "கொடுத்தேன். ஆனா கொடுக்கல." அவள் பேனாவைக் கீழே வைத்துவிட்டாள். "கோர்ட்ல ரெண்டுல ஒண்ணுதாம்மா சொல்ல முடியும்." எனக்கு ரெண்டும்தானே நடந்தது. அன்றைக்கும் இப்படித்தான், அண்டாவில் சோறு கொதித்துக்கொண்டிருந்தது, கரண்டியில் நாலு பருக்கை எடுத்து நசுக்கிப் பார்த்துக்கொண்டிருந்தேன், வாசலில் ஒரு பெண் பையோடு நிற்கிறாள், நான் யாரென்று கேட்கவில்லை, அவளும் சொல்லத் தொடங்கி முடிக்கவில்லை, அடுப்பில் சாம்பாருக்குப் பருப்புப் போதவில்லை என்று அப்போதுதான் எனக்கு உறைத்தது, கை விடமுடியாது, சோறு பதத்துக்கு வந்துகொண்டிருக்கிறது, பதம் ஒரு நொடி தப்பினால் போயிற்று, இடது கையால் இடுப்பிலிருந்து சாவியை உருவி, "யம்மா, நீ யாரா இருந்தாலும் சரி, அந்த அறையைத் திறந்து ஒரு கிலோ பருப்பு எடுத்தா" என்றேன். பிடித்துக்கொண்டாள். எடுத்து வந்தாள். சரியாக ஒரு கிலோ, தராசில் போட்டு எடுத்து வந்திருந்தாள், அப்போதே நினைத்தேன், இது கைப்பழக்கமுள்ள ஆள் என்று. சாப்பாடு முடிந்த பிறகுதான் உத்தரவைக் காட்டினாள். சாவி அவள் கையிலேயே இருந்தது, நான் கேட்கவில்லை, கேட்கக் கூச்சம், அவளும் கொடுக்கவில்லை. பிறகு அலுவலகத்துக்குப் பணியேற்றதாக எழுதிக் கொடுத்தபோது, காலையிலேயே சாவி பெற்றுக்கொண்டேன் என்று ஒரு வரி சேர்த்துவிட்டாள். சேர்த்தது சூதா, நடந்ததைத்தான் எழுதினாளா. அதைத்தான் இத்தனை நாளாகப் புரட்டிப் புரட்டிப் பார்க்கிறேன். பொய் என்று சொல்ல முடியவில்லை. சாவி பெற்றுக்கொண்டாள்தானே. நான் பொறுப்பைக் கொடுக்கவில்லை, பருப்புக் கேட்டேன். ஆனால் கோர்ட்டில் என் பெயரில் போயிருக்கிற பத்திரத்தில், மனுதாரர் எந்தச் சாவியையும் எவரிடமும் வழங்கவில்லை என்று இருக்கிறது. அமுதவாணி இங்கிலீஷில் இருந்ததைத் தமிழில் படித்துக் காட்டினாள், நான் கையெழுத்துப் போட்டேன். மனுதாரர். அந்தப் பேரைக் கேட்டதிலிருந்து எனக்கு இன்னொரு பொம்பளை தெரிகிறாள். உயரமாக, கணீரென்ற குரலாக, கண்டாங்கிச் சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு, நான் பாதிக்கப்பட்டுள்ளேன், என்னை அலைக்கழிக்கிறார்கள் என்று நீதிபதி முன்னால் கையை நீட்டிப் பேசுகிறாள். அவள் யாரிடமும் எந்தச் சாவியும் கொடுத்தவள் இல்லை. அவளை மதுரையில் விட்டுவிட்டு நான் இங்கே அரிசி களைந்துகொண்டிருக்கிறேன்.

கொதித்துவிட்டது. அரிசியைப் போடும்போது நீராவி முகத்தில் அடித்தது, ஒரு நிமிஷம் கண் தெரியவில்லை, இப்படித்தான் இருக்குமா அவருக்கு, இல்லை, இப்படி வெள்ளையாக இருக்காது, கேட்டிருக்கிறேன், வெள்ளையும் இல்லை கறுப்பும் இல்லை ஏட்டி, ஒண்ணுமே இல்லை என்பார். சர்க்கரை முதலில் ஒரு கண்ணை எடுத்தது, மறு வருஷம் இன்னொன்றை. ரைஸ் மில்லில் பாய்லர் பக்கம் இருபது வருஷம் நின்ற மனுஷன், நெல் வேகிற வாசனையை வைத்தே எந்த ரகம் என்று சொல்லிவிடுவார், மூக்கு இன்னும் அப்படியே இருக்கிறது. முதல் ஆறு மாதம் வீட்டுக்குள் விழுந்துகொண்டே இருந்தார். அப்புறம் கை பழகிவிட்டது. கட்டிலிலிருந்து சுவர், சுவரில் ஒரு ஆணி, அந்த ஆணிக்கு நேரே தண்ணீர்ப் பானை, பானையைத் தாண்டி நிலைப்படி, நிலைப்படிக்கு அந்தப் பக்கம் குழாயடி, குழாயடியில் நாலு பேர் குரல், இது யாரு, செல்லத்தாயா என்பார், அவர்களும் ஆமாண்ணே என்பார்கள். இப்போது அந்தச் சுவரில் கையை வைத்துக்கொண்டு நடந்துகொண்டிருப்பார். எங்கள் சந்தில் யாராவது சைக்கிளைப் புதிதாக ஓர் இடத்தில் சாய்த்து வைத்தால்கூட நான் போய் எடுக்கச் சொல்வேன், என்னைக் கிறுக்கி என்பார்கள், சொல்லட்டும். திசையன்விளை உத்தரவு வந்த அன்றைக்கு, இருவருமே போய்விடலாம், அங்கே வீடு பார்க்கலாம், காற்று நன்றாக இருக்கும் என்று நான் மெதுவாகச் சொல்லிப் பார்த்தேன். சுவரில் இருந்த ஆணியைத் தடவிக்கொண்டிருந்தார். பிறகு, "ஏட்டி, என்னை அங்க கூட்டிட்டுப் போனா இன்னொரு தடவை குருடாக்கிருவ" என்றார். கோபமாகச் சொல்லவில்லை, அதுதான். தூத்துக்குடியில் என் தங்கச்சி மகள் கல்யாணத்துக்குப் போனபோது பார்த்தேனே, பாத்ரூம் வாசலில் ஒரு படி இறக்கம், அவர் கால் அதைத் தேடித் தேடி, கிடைக்கவில்லை, விழுந்தது கூடப் பெரிதில்லை, விழுந்த பிறகு எந்தப் பக்கம் எழுந்திருப்பது என்று தெரியாமல் சுவரைத் தேடிக்கொண்டு இருந்தாரே, கல்யாண வீடே பார்த்துக்கொண்டு நின்றது. இதையெல்லாம் பத்திரத்தில் மனுதாரரின் கணவர் பார்வைக் குறைபாடு உடையவர் என்று ஒரே வரியில் எழுதிவிட்டார்கள். குறைபாடு என்றால் கொஞ்சம் இருக்கிறது என்பது போல இல்லையா. நான் சொல்லவில்லை. படித்தவர்கள் எழுதினால் சரியாகத்தான் இருக்கும்.

போன். பிரமை இல்லை, உண்மையிலேயே அடிக்கிறது. கையைத் துடைத்துக்கொண்டு போவதற்குள் இரண்டு தடவை அடித்துவிட்டது. அமுதவாணி. "இருபத்தொம்பது போகுதும்மா, வேகமாத்தான் போகுது, பதறாதீங்க." வைத்துவிட்டாள். பதறாதீங்க என்று சொல்லத்தான் கூப்பிட்டாளா. முப்பத்தேழில் இருபத்தொன்பது போனால் எட்டு. ஒவ்வொன்றுக்கும் ஐந்து நிமிஷம் என்றால் சோறு பதத்துக்கு வருகிற நேரமும் அதுவும் ஒன்றாகத்தான் வரும். ஏன் அப்படிக் கணக்குப் போட்டேன், போடாமல் இருந்திருக்கலாம். முப்பதாவது யாரோ. முப்பத்தொன்றாவது யாரோ. எல்லாருமே எங்கிருந்தோ எங்கேயோ போகமாட்டேன் என்கிறவர்களா, இல்லை, மரியபுஷ்பத்தைப் போல இங்கே வரவேண்டும் என்று கேட்கிறவர்களும் இருப்பார்களா. "என்னக்கா, எந்த நம்பர்ல நிக்கு?" என்றாள் அவள் முதுகைத் திருப்பாமலே. "இருபத்தொம்பது." "அடேயப்பா. ரேஷன் கடை வரிசை தேவல." முட்டைக்கோஸை அள்ளித் தண்ணீரில் போட்டாள். "நீங்க ஜெயிச்சா எனக்கு எந்த ஊரு போடுவாவளோ. திசையன்விளைக்கும் திரும்பிப் போக முடியாது, பிள்ளைக ரெண்டையும் இங்க பள்ளிக்கூடத்துல சேத்தாச்சு, டி.சி. வாங்கியாச்சு, லாரியில சாமான் ஏத்தும்போது என் தையல் மிஷின் காலு ஒடிஞ்சு போச்சு. அது மட்டும் என்ன கணக்குல சேரும்னு உங்க வக்கீலம்மாகிட்ட கேளுங்க." சிரித்துக்கொண்டே சொன்னாள். நான்கு வருஷமாகக் கேட்டு வாங்கிய மாறுதல் என்று அவள் சொல்லியிருக்கிறாள். அவள் புருஷன் கப்பலில் போகிறவன், வருஷத்தில் பாதி இருக்கமாட்டான், அவள் அம்மா வீடு இங்கே பக்கத்தில். நியாயமில்லை என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை. என்னுடையதும் நியாயம்தான். இரண்டு நியாயமும் ஒரு அண்டாவில் போட்டால் எப்படி வேகும். அவளுக்கு ஒருபோதும் இப்படி ஒரு தலைவலி இருந்திருக்காது, இருந்தால் இப்படி நன்றாகத் தூங்கி எழுந்த முகமாக இருக்க முடியாது. ஒருவேளை அவளும் என்னைப் பார்த்து அப்படியே நினைக்கிறாளோ.

சாவி இடுப்பில் இருக்கிறது. குனியும்போது எலும்பில் அழுத்துகிறது, நல்லதுதான், இருக்கிறது என்று தெரிகிறது. தடை வந்த மறுநாள் கோமதி மேடம் சாவியை அவளிடமிருந்து வாங்கி, ஸ்டோர் ரூம் கதவுக்குப் பக்கத்தில் ஒரு ஆணி அடிக்கச் சொல்லி, அதில் மாட்டினார். "இது யாருக்கும் சொந்தமில்ல. வேணும்கிறப்ப எடுங்க, எடுத்துட்டுத் திரும்ப மாட்டுங்க. உங்க ரெண்டு பேரு பொறுப்பையும் இந்த ஆணி பாத்துக்கட்டும்" என்றார். அதிலிருந்து இரண்டு பேருமே தேவைக்கு எடுத்துத் தேவைக்கு மாட்டினோம், ஒருவர் கையிலிருந்து ஒருவர் கைக்குக் கொடுத்ததில்லை, நான் அதில் கவனமாக இருந்தேன், அவளும்தான். இன்றைக்குக் காலையில் வந்ததும் நான் அதை ஆணியிலிருந்து எடுத்துச் செருகிக்கொண்டேன். ஏன் என்று கேட்டால் எனக்கே சரியாகச் சொல்லத் தெரியாது. நீதிபதி கேட்டால், இருக்கிறது என்று சொல்லலாம் என்று ஒரு எண்ணம். நீதிபதி எப்படிக் கேட்பார், அவர் மதுரையில் இருக்கிறார், அதுவும் தெரியும். மேடம் கூட்டத்துக்குப் போயிருக்கிறார், அதனால் எடுத்தேன், இருந்திருந்தால் எடுத்திருக்கமாட்டேன். அவள் வந்தபோது வெறும் ஆணியைப் பார்த்தாள். "ஆணி மொட்டையா நிக்கே" என்றாள். நான் அடுப்பைப் பற்றவைத்துக்கொண்டிருந்தேன். வேறொன்றும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் திரும்ப மாட்டியிருப்பேன். அவள் முட்டைக்கோஸை நறுக்க உட்காரும் முன்பே எல்லாச் சாமானையும் எடுத்து வைத்துவிட்டேன், எண்ணெய், பருப்பு, புளி, மிளகாய்ப் பொடி, அவள் கேட்கவேண்டிய தேவை வரக்கூடாது என்று, எல்லாவற்றையும் எடை போட்டு வரிசையாக. தலைக்கு இவ்வளவு என்று எனக்குத் தெரியும். ஒன்றும் குறையாது.

நுரை மேலே வருகிறது, வெள்ளையாக, விளிம்பு வரை, தட்டை ஒதுக்கினேன், இறங்குகிறது, மறுபடி ஏறுகிறது. அடுப்பைக் குறைத்தால் உள்ளே ஒரு கனம், கூட்டினால் மேலே ஒரு வேகம், நடுவில் ஒரு இடம் இருக்கிறது, கைக்குத் தெரியும். இப்போது முப்பத்திரண்டாக இருக்கும். முப்பத்துமூன்று. நான் திசையன்விளைக்குப் போய், அங்கே ஓர் அறை எடுத்து, சனிக்கிழமைக்குச் சனிக்கிழமை வந்தால், இடைப்பட்ட நாளில் அவருக்கு இன்சுலின் ஊசி யார் போடுவார்கள், பக்கத்து வீட்டுச் செல்லத்தாய் போடுவாளா, அவளுக்கு ஊசியைப் பார்த்தாலே மயக்கம். அவர் தானே போட்டுக்கொள்வேன் என்பார், போட்டும் கொள்வார், எவ்வளவு மருந்து என்று விரலால் தடவிப் பார்த்து. தப்பாகப் போகும். கரண்டியில் எடுத்துப் பார்த்தேன், நடுவில் வெள்ளைப் புள்ளி இன்னும் இருக்கிறது, சின்னப் புள்ளி, இன்னும் கொஞ்சம். பெண்கள் ஒரு மணிக்கு வந்துவிடுவார்கள். அண்டாவைத் தனியாகச் சாய்க்க முடியாது, ஒரு காதை நான் பிடித்தால் இன்னொரு காதை அவள் பிடிக்க வேண்டும், இரண்டு பேர் சேர்ந்துதான் இந்தச் சோற்றை வடிக்கமுடியும், அவள் வருவதற்கு முன்னால் வாட்ச்மேன் வந்து பிடிப்பார், திட்டிக்கொண்டே. முப்பத்துநான்கு. தெரியவில்லை. தொடையில் ஏதோ நடுங்குகிறது, நீராவியா, போனா, இல்லை, போன் ஜன்னலில் இருக்கிறது. "அக்கா, உப்பு தீந்துட்டு." சட்டியைத் தட்டிக் காட்டுகிறாள். "இவ்வளவுதான் இருக்கு, சாம்பாருக்கே காணாது." உப்பு. எல்லாவற்றையும் எடுத்தேன், உப்பை எடுக்கவில்லை. புள்ளி கரைகிறது, இதோ, இன்னொரு பருக்கை, இதில் இல்லை, மற்றதில் இருக்கிறது, பக்கத்தில் நிற்கிறாளே, என்ன நிற்கிறாள், "இந்தா, ஓடு, சீக்கிரம் வந்து காதைப் பிடி, பதம் வந்துட்டு." அவள் செருப்பு தரையில் சரக் சரக்கென்று போகிறது. துணியை மடித்து வைத்தேன், வடிதட்டை எடுத்தேன், கஞ்சிக்குப் பாத்திரம் வைத்தேன். இப்போது வடிக்க வேண்டும். இப்போது. அவள் வரவேண்டும். போன் அடிக்கிறது.

அடிக்கட்டும் என்றுதான் முதலில் நினைத்தேன். சோற்றை விட்டு நான் என்றைக்கும் போனதில்லை. ஆனால் கால் போய்விட்டது. "அம்மா, நம்ம கேஸ் வந்துச்சு" என்றாள் அமுதவாணி, மூச்சு வாங்கிக்கொண்டு, பின்னால் நிறையப் பேர் பேசுகிற சத்தம். "கவர்மெண்ட் வக்கீல் ஒரே வார்த்தையில நிக்கிறார். சாவி இன்னைக்கு வரைக்கும் புதுசா வந்தவங்ககிட்டதான் இருக்குங்கிறார். நான் இல்லவே இல்லைன்னேன். ஜட்ஜ் சொன்னார், ரெண்டு பேரும் வாதாட வேண்டாம், மத்தியானம் ரெண்டே காலுக்கு எடுக்கறேன், அதுக்குள்ள அந்தம்மாவுக்கு போன் போட்டுக் கேட்டுட்டு வந்து சொல்லுங்கன்னார். சாவி இப்ப யார்கிட்டம்மா இருக்கு?" கை இடுப்புக்குப் போனது. மடிப்பு இருந்தது. விரலை உள்ளே விட்டுத் தடவினேன், துணிதான், சூடான துணி. இந்தப் பக்கமா, அந்தப் பக்கமா. எலும்பில் அழுத்திக்கொண்டிருந்ததே. அது அழுத்தாமல் போனது எனக்கு எப்படித் தெரியாமல் போயிற்று. அடுப்படியில் வேறு யாருமில்லை. என்னிடம்தான் இருக்கிறது என்று சொன்னால் போதும், இரண்டே வார்த்தை, சற்றுமுன் வரை அது உண்மை, மதுரையில் நிற்கிற அந்த உயரமான பொம்பளை தயங்கமாட்டாள், சொல்லிவிடுவாள், என் புருஷன் சுவரில் கையை வைத்துக்கொண்டு பானைக்குப் போய்க்கொண்டிருப்பார், அந்தச் சுவர் அங்கேயே இருக்கும். "அம்மா? லைன்ல இருக்கீங்களா?" வாசலில் அவள் வந்து நின்றாள். ஒரு கையில் உப்புப் பாக்கெட். இன்னொரு கையின் சுண்டுவிரலில் வளையம், வளையத்தில் சாவி ஆடிக்கொண்டிருந்தது. அவளும் அதைப் பார்த்தாள். எனக்குத் தொண்டை அடைக்கும் என்று நினைத்தேன், அடைக்கவில்லை. "அவ கையில இருக்கும்மா." "யார் கையில?" "புதுசா வந்தவ கையில. உப்பு எடுக்கப் போனா. நான்தான் குடுத்தேன்." "அன்னைக்கும் இப்படித்தான் நடந்துச்சா?" என்றாள், குரல் இறங்கிவிட்டது. "அன்னைக்கும் இப்படித்தான். அன்னைக்குப் பருப்பு." "இதை அப்படியே சொன்னா நாம எழுதிக் கொடுத்ததுக்கு மாறா இருக்கும்மா. நமக்கு எதிராவும் போகலாம். சொல்லட்டுமா?" "அப்படியே சொல்லுங்க. பத்திரத்துல இருக்கிறது தப்பு. அதைப் படிச்சபோதே நான் சொல்லியிருக்கணும்."

மரியபுஷ்பம் கையை நீட்டினாள். சாவியைத் தரத்தான் நீட்டுகிறாள் என்று நினைத்தேன், போனைக் கேட்டாள். "மேடம், நான்தான் அந்தப் புதுசா வந்தவ" என்றாள். "ஒண்ணு கேட்டுக்கோங்க. உலை கொதிக்கும்போது இவியகிட்ட யாரு எதைக் கேட்டாலும் குடுத்திருவாவ. வீட்டுப் பத்திரத்தைக் கேட்டிருந்தாலும் தூக்கிப் போட்டிருப்பாவ, யாருன்னுகூடப் பாக்கமாட்டாவ. இதுக்குப் பேரு பொறுப்பு ஒப்படைக்கிறதுன்னா, என்னைக் கேக்காமலே எனக்கு ரெண்டு தடவை பொறுப்புக் கெடச்சிருக்கு." அந்தப் பக்கம் என்ன சொன்னாளோ. இவள் கேட்டுக்கொண்டே என்னைப் பார்த்தாள், பிறகு விரலில் இருந்த சாவியைப் பார்த்தாள். சிரிப்பு போய்விட்டது. முதல்முறையாக அந்த முகத்தில் தூங்காத கண்ணைப் பார்த்தேன். "இப்ப சொன்னதை எழுதிக் குடுக்கணுமா?" என்றாள். "குடுத்தா நான் எங்க போவேன் மேடம்? என் ரெண்டு பிள்ளையும் எங்க போவும்? அதையும் அந்த ஜட்ஜய்யாகிட்ட கேட்டுட்டு வந்து சொல்லுங்க, எழுதித் தாரேன்." பேச்சை முடித்துப் போனைத் திட்டில் வைத்தாள். நிமிர்த்தி வைத்தாள். அப்போதுதான் எனக்கு வாசனை வந்தது. கஞ்சி கெட்டியாகிற வாசனை, எனக்குத் தெரிந்த வாசனைதான், ஆனால் என் அண்டாவிலிருந்து வந்ததில்லை. ஓடிப்போய் ஒரு காதைப் பிடித்தேன், அவள் இன்னொன்றைப் பிடித்தாள், சாவி அண்டாவின் காதில் பட்டு நங்கென்றது, சாய்த்தோம். கஞ்சி வழுவழுவென்று கட்டியாக இறங்கியது, தட்டுக்குப் பின்னால் சோறு உதிரவில்லை, ஒரே கட்டியாக நகர்ந்தது. நிமிர்த்தி வைத்தோம். கரண்டியால் எடுத்தேன், கரண்டியில் ஒட்டிக்கொண்டு விழமாட்டேன் என்றது. "குழைஞ்சுட்டுக்கா" என்றாள் மெதுவாக. வேண்டுமானால் அவள் கேலி பண்ணியிருக்கலாம். பண்ணவில்லை. "பிள்ளைக கேட்டா என்ன சொல்ல? ரெண்டு பேரும் சேந்துதான் வடிச்சோம்னு சொல்லிருவோமா?" "வேண்டாம். சோறு என்னுது. நான் சொல்லிக்கிடுதேன்." சொன்ன பிறகு ஏனோ மனசு கொஞ்ச நேரம் ஆடாமல் நின்றது, பிறகு மறுபடி ரெண்டே கால், ரெண்டே கால் என்று தொடங்கிவிட்டது. ரோட்டுக்கு அந்தப் பக்கம் கல்லூரி மணி அடித்தது. கேட்டில் முதல் செருப்புச் சத்தம். அவள் சாவியை விரலிலிருந்து கழற்றி உள்ளங்கையில் வைத்துக்கொண்டு, வெறும் ஆணியையும் என்னையும் மாற்றி மாற்றிப் பார்த்தாள். "இதை எங்க வைக்க அக்கா?" நான் குழைந்த சோற்றைத் தாம்பாளத்தில் அள்ளிக்கொண்டிருந்தேன், இரண்டு கையும் முழங்கை வரை ஒட்டியிருந்தது. "உன் கையிலயே இருக்கட்டும்" என்றேன். "இந்தச் சோத்துக்கு ஊறுகாய் எடுக்கணும்."